வளவுக்குள்ளே: சுவீட் பீ கேள்விகள்

போன இதழில் பண்டாரவளை விடுதி வேலியில் நின்ற சுவீட் பீ என்ற மணப்பூக்கொடி பற்றிப் போகிற போக்கில் இரண்டு வரி எழுதியிருந்தேன். வேறு எதற்கும் வராத அளவுக்குக் கடிதங்கள் அதற்கு வந்துவிட்டன. மிளகாய் இலைச் சுருட்டலுக்கு மருந்து கேட்ட செங்கலடிக்காரர் அடுத்த மாதம் வரை பொறுக்க வேண்டும். இந்த முறை முழுக்கப் பூக்கதைதான்.

லண்டனில் இருக்கும் தங்கச்சி ஒரு பக்கற் சுவீட் பீ விதை கொண்டுவந்து தந்தாள். பக்கற்றில் எழுதியிருந்தபடி மார்ச்சில் போட்டேன். பாதி முளைக்கவில்லை. முளைத்ததும் முழங்கால் உயரம் வந்து, கீழிலை மஞ்சளாகி, கச்சான் காற்று தொடங்கியதும் கருகிவிட்டது. எரு போதவில்லையா?
வாசகி, கல்லடி

எருவில் பிழை இல்லை, அக்கா. பக்கற்றில் இருக்கும் மாதக்கணக்கு அந்த ஊர்க்காரருக்கு எழுதியது. அங்கே மார்ச்சில் நிலம் இன்னும் குளிர்ந்து கிடக்கும். கன்று மெல்ல மெல்ல வேரிறக்கி ஜூனில் பூக்கும். நமக்கு மார்ச் என்றால் மழை விட்டு வெயில் ஏறுகிற நேரம். சுவீட் பீ விதை நன்றாக முளைப்பது 13 முதல் 18 பாகை செல்சியஸில். பகல் வெப்பம் 25 பாகைக்கு மேலேயே நின்றால் மொட்டு உதிரத் தொடங்கும். மட்டக்களப்பில் ஆண்டுச் சராசரியே 27, 28 பாகை. கல்லடி மணலில் மத்தியானம் வெறுங்காலோடு நிற்க முடிகிறதா? அந்தச் சூட்டில்தான் அதன் வேர் நின்றிருக்கிறது.

வெப்பம் மட்டுமல்ல, பகலின் நீளமும் காரணம். பக்கற்றில் பெரும்பாலும் வருவது ஸ்பென்சர் எனப்படும் கோடை வகை. நீண்ட பகல் கண்டால்தான் அது ஒழுங்காக மொட்டு வைக்கும். லண்டனில் ஜூன் மாதப் பகல் பதினாறரை மணித்தியாலத்துக்கு மேல். நமக்கு ஆனியில் பன்னிரண்டரை, மார்கழியில் பதினொன்றே முக்கால், அவ்வளவுதான். எவ்வளவு மாட்டெரு போட்டாலும் பகல் நீளாது.

அப்படியும் ஆசை விடவில்லை என்றால் ஒரு வழி இருக்கிறது. தங்கச்சியிடம் குறும்பகலில் பூக்கும் வகையைக் கேளுங்கள்; பக்கற்றில் ‘வின்டர்’ என்று பெயரோடு வரும். விதையைக் கையில் எடுத்தால் ஒரு பக்கத்தில் சின்னத் தழும்பு தெரியும், அதுதான் கண். கண்ணுக்கு எதிர்ப்பக்கத்தில் நகவெட்டியால் தோலை மட்டும் ஒரு கீறு. உள்ளே வெளிறிய பருப்பு தெரிந்தவுடன் நிறுத்திவிட வேண்டும். ஓர் இரவு ஊறவிட்டு, ஈரத் துணியில் சுற்றி, பிரிட்ஜின் கீழ்த்தட்டில் சில வாரம் வையுங்கள். ஜப்பானில் பூச்செய்கைக்காரர்கள் விதைக்கு இப்படிக் குளிர் காட்டித்தான் நடுகிறார்கள். கன்று அதைக் குளிர்காலம் என்று எடுத்துக்கொள்ளும். ஐப்பசிக் கடைசியில் ஆழமான சாடியில் நடுங்கள். சாடி தாழ்வாரத்தின் கீழ் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் மாரி மழையில் வேர் அழுகும். காலை வெயில் போதும். கிணற்றில் உவர் ஏறியிருந்தால் அந்தத் தண்ணீர் வேண்டாம், மழைநீர் பிடித்து ஊற்றுங்கள்.

இவ்வளவும் செய்தால் தையில் குட்டைக் காம்போடு கொஞ்சம் பூ வரும். கொஞ்சம்தான். பண்டாரவளை ஏறக்குறைய 1,200 மீற்றர் உயரத்தில் இருக்கிறது, அங்கே அது தன்பாட்டில் வளரும். நம் கரையில் அதை வளர்ப்பது வேறு வேலை இல்லாதவர் வேலை. ஓய்வூதியக்காரன் நான் சொல்வதால் கோபிக்க வேண்டாம்.

ஒரு பழைய ஆங்கிலப் பூந்தோட்ட நூலில் சுவீட் பீயின் தாயகம் ‘சிசிலியும் சிலோனும்’ என்று பார்த்தேன். அப்படியென்றால் இது நம் நாட்டுப் பூவா?
ஆசிரியர், கொக்கட்டிச்சோலை

இல்லை, சேர். ஆனால் அந்த நூலாசிரியர் தன் கற்பனையில் எழுதவில்லை. அவருக்குக் கிடைத்தது மிகப் பெரிய இடத்திலிருந்து வந்த பிழை.

நிச்சயமாகத் தெரிந்ததிலிருந்து தொடங்குவோம். சிசிலித் தீவில் பிரான்செஸ்கோ குப்பானி என்றொரு துறவி இருந்தார். பலெர்மோவுக்கு அருகே ஒரு பிரபுவின் தாவரத் தோட்டம் அவர் பொறுப்பில் இருந்தது. மேலிதழ் கருஞ்சிவப்பும் பக்க இதழ்கள் ஊதாவுமாக, சின்னதாக, மணம் மட்டும் வீட்டை நிறைக்கிற ஒரு காட்டுக்கொடியை 1690களில் அவர் எழுதிவைத்தார். 1699இல் அதன் விதையை வெளிநாட்டுக்கு அனுப்பினார். ஒரு பங்கு லண்டனுக்கு வடக்கே என்ஃபீல்டில் இருந்த றொபர்ட் யூவ்டேலுக்குப் போனது. அவரும் உங்களைப் போல ஓர் ஆசிரியர்தான். வெளிநாட்டுக் கன்றுகள் சேர்ப்பதில் அவருக்குப் பைத்தியம். இன்னொரு பங்கு ஆம்ஸ்டர்டாமில் காஸ்பர் கொம்மலினுக்குப் போனது. இந்த ஆம்ஸ்டர்டாமைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

1737இல் அதே ஆம்ஸ்டர்டாமில் யொஹான்னஸ் பர்மன் என்பவர் இலங்கைத் தாவரங்கள் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அவர் இலங்கை மண்ணை மிதித்தவரல்ல. ஒல்லாந்தக் கம்பனியின் வைத்தியராக 1670களில் இங்கே இருந்த போல் ஹேர்மன் போன்றவர்கள் சேர்த்துக்கொண்டுபோன உலர் மாதிரிகளையும் குறிப்புகளையும் வைத்து எழுதினார். 1638இல் நமது மட்டக்களப்புக் கோட்டையைப் போர்த்துக்கேயரிடமிருந்து பிடித்தார்களே, அந்த ஒல்லாந்தர்தான். பர்மனின் நூலில், வெள்ளையும் சிவப்பும் கலந்த மணமுள்ள ஒரு பூ ‘இலங்கை லதைரஸ்’ என்று ஏறிவிட்டது (லதைரஸ் என்பது சுவீட் பீ சேர்ந்த சாதியின் தாவரவியல் பெயர்). 1753இல் சுவீடன் தாவரவியலாளர் லின்னேயஸ் உலகத் தாவரங்களுக்கெல்லாம் பட்டியல் போட்டபோது அதை அப்படியே எடுத்து, ஒரு வகைக்குச் சிசிலி, மற்ற வகைக்குச் சிலோன் என்று பிரித்து எழுதினார். லின்னேயஸ் எழுதினால் மறுப்பவர் யார்? ஒன்றரை நூற்றாண்டு தாண்டியும் தோட்டநூல்கள் அதையே திருப்பி எழுதின.

ஆனால் இந்தத் தீவில் எந்தக் காட்டிலும் எந்த மலையிலும் அது தானாக வளர்ந்து யாரும் கண்டதில்லை. சிசிலியிலும் தென் இத்தாலியிலும் இன்றும் காட்டில் நிற்கிறது. வெள்ளையும் இளஞ்சிவப்புமான பூ, இங்கிலாந்தில் 1730களிலேயே விற்பனைக்கு வந்த ‘பெயின்டட் லேடி’தான். குப்பானியின் கொடியில் நிறம் மாறிப் பிறந்த பிள்ளை அது. என் எண்ணம் இதுதான்: ஆம்ஸ்டர்டாம் தோட்டத்தில் சிசிலிப் பாத்தியும் சிலோன் பாத்தியும் அடுத்தடுத்து இருந்திருக்கும், யாரோ ஒருவர் சீட்டை மாற்றிக் குத்தியிருப்பார். விதைப் பண்ணையில் வேலை செய்தவர்களுக்கு இது ஆச்சரியமே இல்லை.

வீட்டில் காய்த்த சுவீட் பீ காயைச் சமைக்கலாமா? பார்த்தால் பட்டாணி போலவே இருக்கிறது.
வாசகி, சாய்ந்தமருது

கூடாது. விதையில் பீட்டா-அமினோபுரோப்பியோநைட்ரில் என்றொரு நச்சு இருக்கிறது. தொடர்ந்து தின்றால் எலும்பையும் மூட்டையும் பிடிக்கிற இழையங்களையும் கெடுக்கும். நாம் சமைக்கிற பட்டாணி வேறு சாதி. முன்பு இந்தியாவில் துவரம் பருப்போடு கலப்படம் செய்து, நடக்க முடியாமல் பலர் முடங்கிப்போன கேசரிப் பருப்புத்தான் சுவீட் பீக்கு நெருங்கிய உறவு. வளவில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் காய் முற்ற முன்பே கிள்ளிவிடுங்கள். பிள்ளை விதையை விழுங்கிவிட்டால் யோசித்துக்கொண்டு நிற்காமல் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போங்கள்.

நான் உயர்தர உயிரியல் மாணவி. சுவீட் பீயில் 9:7 விகிதம் வந்தது என்று படிக்கிறோம். மெண்டலுக்கு 9:3:3:1 தானே வந்தது? இரண்டும் ஒரே பட்டாணியா?
மாணவி, கல்முனை

ஒரே பட்டாணி இல்லை, மகள். பரம்பரை விதிகளைக் கண்ட மெண்டல் 1866இல் எழுதியது கறிப்பட்டாணி பற்றி. இரண்டு இயல்பைச் சேர்த்துப் பார்த்தபோது இரண்டாம் தலைமுறையில் அவருக்கு வந்ததுதான் அந்த 9:3:3:1. சுவீட் பீயை எடுத்துக்கொண்டவர்கள் கேம்பிரிட்ஜில் பேட்சன், சோண்டர்ஸ், பனெற். உங்கள் புத்தகத்தில் பனெற் சதுரம் போடுகிறீர்களே, அந்தப் பனெற்தான்.

அவர்கள் இரண்டு வெள்ளைப் பூவைக் கலந்தார்கள். இரண்டும் சுத்த வெள்ளை, தலைமுறை தலைமுறையாக வெள்ளை. பிறந்த பிள்ளையெல்லாம் ஊதா! அதுவும் குப்பானியின் சிசிலிக் காட்டுப்பூவைப் போன்ற ஊதா. அந்த ஊதாவைத் தன்மகரந்தச் சேர்க்கைக்கு விட்டபோது பதினாறுக்கு ஒன்பது நிறப்பூ, ஏழு வெள்ளை என்று பிரிந்தது. காரணம், நிறம் உண்டாக இரண்டு பரம்பரையலகுகளிலும் (ஜீன்) ஓர் ஆட்சியான எதிருருவாவது, அதாவது மேலோங்கி நிற்கும் வடிவமாவது, இருக்க வேண்டும். சோறு ஆக்க அரிசியும் வேண்டும், அடுப்பும் வேண்டும். ஒரு வீட்டில் அரிசி இல்லை, மற்ற வீட்டில் அடுப்பு இல்லை. இரண்டு வீட்டிலும் பட்டினி. சம்பந்தம் செய்தால் சோறு. 9:3:3:1 எங்கும் ஓடிவிடவில்லை. பின் மூன்றும் (3+3+1) ஒரே வெள்ளையாகத் தெரிவதால் ஏழாகிவிடுகிறது. பரீட்சையில் இந்தக் கூட்டலை எழுதிக் காட்டு, புள்ளி அதற்குத்தான்.

இதே செடியில் அவர்களுக்கு விளங்காத ஒன்றும் வந்தது. ஊதாப்பூவும் நீண்ட மகரந்தமணியும் உள்ளதை, சிவப்புப்பூவும் உருண்டை மகரந்தமணியும் உள்ளதோடு கலந்தார்கள். இரண்டாம் தலைமுறையில் 381 கன்று. மெண்டல் கணக்குப்படி ஏறக்குறைய 214, 71, 71, 24 என்று வந்திருக்க வேண்டும். வந்ததோ ஊதா–நீளம் 284, ஊதா–உருண்டை 21, சிவப்பு–நீளம் 21, சிவப்பு–உருண்டை 55. பெற்றோரைப் போன்றவை கூடிவிட்டன, கலந்தவை குறைந்துவிட்டன. இரண்டு இயல்பும் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு போகின்றன என்று கண்டுகொண்டார்கள், ஏன் என்று சொல்ல முடியவில்லை. சில ஆண்டு கழித்து அமெரிக்காவில் மோர்கன் பழஈயை வைத்து, இரண்டு பரம்பரையலகும் ஒரே நிறமூர்த்தத்தில் (குரோமோசோம்) இருப்பதால்தான் என்று விளக்கினார். நீங்கள் படிக்கிற ‘இணைப்பு’ அந்த 381 கன்றிலிருந்துதான் தொடங்குகிறது.

மஞ்சள் சுவீட் பீ விதை என்று இணையத்தில் படம் போட்டு விற்கிறார்கள். வாங்கலாமா?
வாசகர், அக்கரைப்பற்று

காசைக் கையிலேயே வைத்திருங்கள். கிறீம் நிறம் உண்டு, தங்க மஞ்சள் கிடையாது. படத்துக்கு யாரோ கணினியில் சாயம் பூசியிருக்கிறார்கள். மஞ்சளுக்கு ஆசைப்பட்டு உலகமெல்லாம் ஆட்கள் வேலை செய்கிறார்கள் என்பது உண்மை. 1987இல் துருக்கியில் சிவப்பும் மஞ்சளுமாகப் பூக்கும் லதைரஸ் பெலினென்சிஸ் என்ற காட்டு உறவுக்கொடி கண்டுபிடிக்கப்பட்டது. நியூசிலாந்தில் கீத் ஹாமற் அதைச் சுவீட் பீயோடு கலந்து புதுப்புது நிறச்சேர்க்கை கொண்டுவந்தார், மஞ்சள் மட்டும் பிடி கொடுக்கவில்லை. இன்னொன்றும் சொல்ல வேண்டும். வெளிநாட்டு விதை எதுவானாலும் முன் அனுமதி எடுத்துத்தான் கொண்டுவர வேண்டும். தபால் உறையில் வருகிற விதையோடு நோயும் வரும். கல்லடி அக்காவின் தங்கச்சிக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

மகள் பண்டாரவளையில் படிப்பிக்கிறாள். அவளுடைய சுவீட் பீ நன்றாகப் பூத்து, திடீரென்று நின்றுவிட்டது. கொடி பச்சையாகத்தான் இருக்கிறது.
தாய், மண்டூர்

காய் விட்டிருப்பாள். காய் பிடித்தவுடன் கொடிக்குப் பூக்கும் வேலை முடிந்துவிடும். ஒன்றுவிட்ட ஒருநாள் பூவெல்லாம் வெட்டி மேசையில் வைக்கச் சொல்லுங்கள், காய் கண்டால் உடனே கிள்ளச் சொல்லுங்கள். இலைக்கு அடியில் அழுக்கணவன் பூச்சி இருக்கிறதா என்றும் பார்க்கட்டும்.

சின்ன வயதில் நுவரெலியாவில் மணந்த சுவீட் பீ இப்போது மணப்பதில்லை. பூ மட்டும் பெரிதாகிவிட்டது. ஏன்?
வாசகர், வாழைச்சேனை

நமது மூக்கையும் கொஞ்சம் சந்தேகிக்கலாம், வயது போகிறது. ஆனாலும் உங்கள் முறைப்பாட்டில் நியாயம் இருக்கிறது.

சுவீட் பீ இங்கிலாந்துக்குப் போய் நூற்றைம்பது ஆண்டுக்கு மேல் சின்னப் பூவாகவே இருந்தது. நிறம்தான் இரண்டு, மூன்று கூடியது. ஹென்றி எக்ஃபோர்ட் என்ற ஸ்கொட்லாந்துத் தோட்டக்காரர் 1870 அளவில் அதைக் கையில் எடுத்தார். வேறு ஆட்களின் தோட்டத்தில் சம்பளத்துக்கு வேலை செய்தபடியே தொடங்கியவர், 1888இல் ஷ்ரொப்ஷயரில் வெம் என்ற சின்ன ஊரில் சொந்த நாற்றுமேடை போட்டார். சுவீட் பீயில் இதழ் விரிய முன்பே மொட்டுக்குள் மகரந்தம் கொட்டிவிடும். வண்டு வந்து கலக்கும் என்று காத்திருந்து பயனில்லை. மொட்டைப் பிரித்து, மகரந்தப்பையைக் கிள்ளி எடுத்து, வேறு பூவின் தூளைத் தடவ வேண்டும். அதைத்தான் மனுஷன் ஆண்டுக்கணக்காகச் செய்தார். 1900இல் இங்கிலாந்தில் சுவீட் பீயின் இருநூற்றாண்டுக் கண்காட்சி வைத்தார்கள். அங்கே நின்ற 264 வகையில் 115 எக்ஃபோர்டுடையவை. அவர் பூ பெரிதானது, மணமும் இருந்தது.

மறுகா வந்தது ஸ்பென்சர். அடுத்த ஆண்டு, 1901இல், ஓல்தோர்ப் மாளிகையின் தலைமைத் தோட்டக்காரர் சைலஸ் கோல் ஒரு பூவைக் கண்காட்சிக்குக் கொண்டுவந்தார். பிற்காலத்தில் இளவரசி டயானாவின் தகப்பன் வீடு என்று பேர் எடுத்த அதே ஓல்தோர்ப். இளஞ்சிவப்பு, அகன்ற இதழ், விளிம்பு முழுக்க அலை. ‘கவுன்ரஸ் ஸ்பென்சர்’ என்று எஜமானியின் பெயரை வைத்தார். அதன் தாய் எக்ஃபோர்ட் உண்டாக்கிய ‘பிரிமா டொன்னா’. கேம்பிரிட்ஜுக்குப் பக்கத்தில் அன்வின் என்ற பூ வியாபாரியின் பாத்தியிலும் அதே காலத்தில் அதே தாயிலிருந்து அலை விளிம்புப் பூ தானாகவே வந்தது.

அப்புறம் ஊரெல்லாம் போட்டிக் கிறுக்கு. 1911இல் டெய்லி மெயில் பத்திரிகை சிறந்த சுவீட் பீ கொத்துக்கு ஆயிரம் பவுண் பரிசு அறிவித்தது. தபாலில் 35,000க்கு மேல் கொத்து வந்து குவிந்தது. முதல் பரிசு ஸ்கொட்லாந்தில் ஸ்பிரவுஸ்டன் கிராமத்துப் போதகர் டென்ஹோம் பிரேசரின் மனைவிக்கு. மூன்றாம் பரிசு ஐம்பது பவுண், அது போதகருக்கே. வீட்டில் அன்றிரவு என்ன பேசிக்கொண்டார்களோ! பரிசுப்பணத்தில் கோயிலுக்குக் கட்டடம் எழுப்பினார்கள்.

போட்டி மேசையில் பூவின் பருமன், அலை, நீண்டு நேரான காம்பு, ஒரு காம்பில் நான்கு பூ, இவற்றுக்குத்தான் மதிப்பு. விதைக்கு எடுத்ததும் அவற்றைத்தான். எதைப் பார்த்துப் பொறுக்குகிறோமோ அது வளரும்; பார்க்காமல் விட்டது மெல்லக் கழியும். மணத்துக்கு நேர்ந்தது அதுதான். எல்லா ஸ்பென்சரும் மணமில்லாதவை என்று சொல்லமாட்டேன், ஆனால் மணம் வேண்டுமென்றால் ‘குப்பானி’, ‘பெயின்டட் லேடி’ என்ற பழைய பெயர்களைத் தேடுங்கள். பூ சிறிதாக இருக்கும், ஒரு காம்பில் இரண்டு, மூன்றுதான். வாங்கிவிட்டு அதைப் பற்றி எனக்கு முறைப்பாடு எழுத வேண்டாம்.

இங்கே வராத பூவுக்கு இவ்வளவு கதையா? நம் வேலிக்கு எது பொருந்தும் என்று சொல்லுங்கள்.
வாசகி, திருக்கோவில்

காக்கணவன். உங்கள் வேலியிலேயே நிற்கும், பூசைக்குப் பறிப்பீர்கள். சுவீட் பீயின் குடும்பம்தான் அதுவும், மணம் மட்டும் கிடையாது. கச்சானுக்கும் மணலுக்கும் அசையாது, விதைத்து இரண்டு மாதத்துக்குள் பூக்கும். நீலமும் வெள்ளையும் உண்டு, அடுக்கும் உண்டு. விதைத்தோல் கடினம், அந்த நகவெட்டி வேலை இதற்கும் பொருந்தும்.

ஆனால் அதை யாரும் பொறுக்கி எடுப்பதில்லை என்பதுதான் என் குறை. நியூயோர்க் மாநிலத்தின் வடக்கே ஒரு கல்லுடைப்புத் தொழிலாளியின் மனைவி, சுண்ணாம்புப் பாறைமேல் கிடந்த மெல்லிய மண்ணில் ‘பெயின்டட் லேடி’யை இருபத்தைந்து ஆண்டளவு வளர்த்து, ஆண்டுக்காண்டு தன் விதையையே எடுத்து நட்டாள் என்பார்கள். குட்டையாக, மற்றவற்றுக்கு முந்திப் பூக்கும் வகை அவளிடம் உருவாகியிருந்தது. விதைக் கம்பனி அதை வாங்கி ‘பிளான்ச் ஃபெரி’ என்று 1889இல் சந்தைக்கு விட்டது. அவளிடம் ஆய்வுகூடமும் இல்லை, பட்டமும் இல்லை. தம்பிலுவிலிலும் திருக்கோவிலிலும் வேலி வேலியாக நிற்கிற காக்கணவனில் ஒருவராவது, எது கோடையிலும் விடாமல் பூக்கிறது, எதில் பூ பெரிது என்று பார்த்து அதற்கு மட்டும் நூல் கட்டி விதை எடுக்கிறீர்களா?

கல்முனை மாணவிக்கும் இதில் வேலை இருக்கிறது. நாளை விரியப்போகிற வெள்ளை மொட்டை இன்று பின்னேரம் மெல்லப் பிரி. உள்ளே படகு போல ஓர் இதழ் இருக்கும், அதைக் கீறினால் பத்து மகரந்தக் கேசரம் தெரியும். ஊசி முனையால் பத்தையும் எடுத்துவிடு, நடுவில் இருக்கிற சூல்தண்டைத் தொடாதே. மெல்லிய துணியில் சின்னப் பை தைத்து மூடி வை. விடிந்ததும் நீலப்பூவின் தூளைச் சூல்தண்டின் நுனியில் தடவி, மீண்டும் மூடி, நூல் கட்டு. காய் பழுப்பாகிக் காய்ந்தபின் எடுத்து நடு. முதல் தலைமுறை என்ன நிறம், அதன் விதையில் வந்த இரண்டாம் தலைமுறையில் எத்தனை நீலம், எத்தனை வெள்ளை என்று கொப்பியில் எழுது. விடையை நான் இங்கே சொல்லப்போவதில்லை. எண்ணிக்கையை மட்டும் இதழுக்கு அனுப்பு. விதை அனுப்பாதே, மேசையில் இடமில்லை.